துளிக்கு மூன்று தட்டு

ஜனவரி 6, திங்கள்

மருமகன் தவமணி தன் அச்சகத்தில் அடித்த புது டைரியைக் கொடுத்தனுப்பியிருக்கிறான். அண்ணன் மகன். அத்தை மேல் பாசம் உண்டு, பொன்மொழி தேர்ந்தெடுக்கத்தான் துப்பில்லை. பக்கத்துக்குப் பக்கம் அடியில் ஒன்று போட்டிருக்கிறான், பாதிக்கு மேல் சப்பென்று இருக்கிறது. என்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் முந்நூற்று அறுபத்தைந்தையும் உட்கார்ந்த இடத்தில் எடுத்துக் கொடுத்திருப்பேன். முப்பத்தோரு வருஷமாகச் சேர்க்கிறேன். காலண்டர் தாள், ஆட்டோ முதுகு, ஆஸ்பத்திரிச் சுவர், மேடைப் பேச்சு, எதையும் விட்டதில்லை. இருபத்திரண்டு நோட்டு நிரம்பிவிட்டது. சொன்னவர் பெயரை மட்டும் குறித்துக்கொள்வதில்லை. பெயர் இருந்தால் பிள்ளைகள் பெயரைத்தான் மனப்பாடம் செய்யும்.

ஏப்ரலில் எனக்கு ஓய்வு. முதல்வர் என்று பலகையில் இருப்பது தாளாளர் அய்யாவின் மருமகள் பெயர், அந்தம்மாள் இருப்பதோ மதுரையில். பத்தொன்பது வருஷமாகச் சிவகாசியில் இந்தப் பள்ளிக்கூடத்தை நடத்துவது துணை முதல்வர் தங்கபுஷ்பமாகிய நான்தான். அதுவும் பிரம்பு எடுக்காமல். தவமணி அனுப்பும் கல்யாணப் பத்திரிகை வெட்டுத் துண்டில் சிவப்பு மையால் தேதி, பெயர் போட்டு ஒரு பொன்மொழி எழுதுவேன். அதற்குத் துளி என்று பெயர். காலைப் பிரார்த்தனையில் அது யாருக்குத் தேவையோ அவர் மேடையேறி வாசிக்க வேண்டும். ஆசிரியரோ மாணவியோ ஆயாவோ, பேதமில்லை. வாசிக்கத் தெரியாதவர் நான் சொல்லச் சொல்லத் திருப்பிச் சொல்லலாம். தொடங்கினால் நடுவில் நிறுத்தக் கூடாது, விளக்கம் கூறக் கூடாது. முடிந்ததும் எண்ணூறு பிள்ளைகளும் ஒரே சீராக மூன்று தட்டு தட்டுவார்கள். அட்டையை வாசித்தவரே வைத்துக்கொள்ளலாம்.

நான் யாரையும் திட்டியது கிடையாது. அதற்கு அவசியமே வந்ததில்லை.

இன்றைய துளி கணக்கு வாத்தியார் ரத்தினவேலுக்கு. பதினோரு நிமிடம் தாமதம். ‘அம்மா பெரியாஸ்பத்திரில இருக்காங்க மேடம்’ என்றார். நான் அட்டையை நீட்டினேன். “நேரத்தைக் காக்க வைப்பவனை வாழ்க்கை காக்க வைக்கும்.” நல்ல கணீர்க் குரல் அவருக்கு. இன்று ஏனோ எடுபடவில்லை.

ஜனவரி 7, செவ்வாய்

ரத்தினவேல் சாரின் தாயார் நேற்று மதியம் தவறிவிட்டாராம். மாலை வாங்கும்படி ஆபீஸ் கோமதியிடம் சொன்னேன்.

ஜனவரி 9, வியாழன்

மதிய இடைவேளையில் செண்பகவல்லி வந்தாள். ஏழாம் வகுப்பு அறிவியல் டீச்சர். முப்பத்து நாலு வயது, நிழல் விழுவது போல ஓசையில்லாமல் வந்து நிற்பாள். கல்யாணமாகி ஒன்பது வருஷம் பிள்ளை இல்லை. மதுரைக்கும் இங்குமாக அலைந்ததில் அவள் எடுத்த விடுப்பெல்லாம் என் பதிவேட்டில் சிவப்பாகத்தான் இருக்கும்.

‘மேடம், தங்கியிருக்கு’ என்றாள்.

‘நல்லது’ என்றேன்.

‘ரெண்டு தடவை தங்காமப் போயிருச்சுங்க மேடம். இது மூணாவது. டாக்டரம்மா படியே ஏறக் கூடாதுன்னு சொல்லிட்டாங்க. என் கிளாஸை மட்டும் ஒரு மூணு மாசத்துக்குக் கீழ மாத்தித் தந்தீங்கன்னா...’

ஏழாம் வகுப்பு மூன்றாவது மாடி. கீழே காலியாக இருப்பது ஒரே அறை, அதைக் காலி என்றும் சொல்ல முடியாது. முன்பு சுவரில் எழுதி மாட்டியிருந்த என் பழைய துளிப் பலகைகளையெல்லாம் அங்கேதான் அடுக்கியிருக்கிறேன். ஓய்வு பெறும்போது கண்காட்சி வைக்கலாம் என்று எண்ணம்.

‘பாக்கலாம்’ என்று அனுப்பிவிட்டேன். ஒருத்திக்கு இடம் கொடுத்தால் நாளைக்கு முட்டி வலி, நாளை மறுநாள் கால் வீக்கம் என்று வரிசை கட்டி நிற்பார்கள். நானும் பிள்ளை பெற்றவள்தான். ஒன்பதாம் மாதம் வரை பஸ் ஏறி விருதுநகர் போய் வந்தேன். எனக்கு எவர் அறை மாற்றித் தந்தார்கள்?

பதினோராவது நோட்டில் பொருத்தமானது ஒன்று கிடைத்துவிட்டது. கிடைத்த சந்தோஷத்தில் காபி ஆறிப்போனதுகூடத் தெரியவில்லை.

ஜனவரி 10, வெள்ளி

துளி: “படியை எண்ணுகிறவன் ஏறுவதில்லை. ஏறுகிறவன் எண்ணுவதில்லை.”

செண்பகவல்லி வாசித்தாள். மேடைக்கு நாலு படி. வாசித்ததும் அட்டையைப் பார்த்தபடியே நின்றாள், மூன்று தட்டு முடிந்தும் இறங்கவில்லை. ஏழாம் வகுப்புப் பிள்ளைகளைப் பார்த்து நான் தலையசைத்த பிறகுதான் அவள் புரிந்துகொண்டு அவர்களைக் கூட்டிக்கொண்டு மாடிக்குப் போனாள்.

அறை விஷயமாகப் பிறகு அவள் கேட்கவில்லை. துளியின் மகிமை இதுதான். ஒரு கடுஞ்சொல் வேண்டியிருக்கவில்லை பாருங்கள்.

ஜனவரி 13, திங்கள்

போகி. பழைய வினாத்தாள் கட்டுகளைக் கொளுத்தச் சொன்னேன். பெங்களூரில் இருக்கும் மகனுக்குத் தினமும் காலையில் ஒரு துளி போனில் அனுப்புகிறேன். தீபாவளியிலிருந்து ஒற்றை டிக்கோடு நிற்கிறது. அங்கே சிக்னல் சரியில்லை போலிருக்கிறது.

ஜனவரி 23, வியாழன்

ரவுண்ட்ஸ் போனபோது இரண்டாவது மாடித் திருப்பத்தில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி. அதில் செண்பகவல்லி உட்கார்ந்திருந்தாள், கண்ணை மூடிக்கொண்டு. பக்கத்தில் ஆயா மூக்கம்மா தண்ணீர்ச் செம்போடு.

‘இது என்ன மூக்கம்மா?’

‘நாந்தான் போட்டேன் மேடம். பாவம், ஏறி வர்றதுக்குள்ள மொகமெல்லாம் வெளுத்துப் போவுது. ரெண்டு நிமிசம் ஒக்காந்துட்டுப் போவட்டுமேன்னுதான்.’

‘பிள்ளைங்க பாத்துட்டுப் போகுது. டீச்சரே படியில உக்காந்தா நாளைக்கு அதுங்களும் உக்காரும்.’

செண்பகவல்லி எழுந்துவிட்டாள். ‘இனிமே உக்காரல மேடம்’ என்றாள். நாற்காலியை என் அறைக்குக் கொண்டுவரச் செய்தேன், பார்க்க வருகிறவர்களுக்கு ஆகும். மூக்கம்மாவுக்கு நாளைய துளி தயார். “தன் வேலையைச் செய்யாதவனுக்குத்தான் பிறர் வேலை கண்ணில் படும்.” சென்ற வருஷம் சுத்தத்தைப் பற்றி ஒன்று கொடுத்தேன், அதற்கு மூன்று நாள் முகத்தைத் தூக்கி வைத்திருந்தாள். அவளுக்கு அதுதான் முதல் துளி, இது இரண்டாவது.

ஜனவரி 28, செவ்வாய்

செண்பகவல்லி பதினைந்து நாள் விடுப்பு கேட்டு எழுதிக் கொடுத்திருக்கிறாள். டாக்டர் சீட்டு இணைத்திருக்கிறாள். திருப்புதல் தேர்வு தலைக்கு மேல் நிற்கிறது. ‘தேர்வு முடிந்ததும் பரிசீலிக்கப்படும்’ என்று எழுதிக் கையெழுத்திட்டேன்.

ஜனவரி 30, வியாழன்

தண்ணீர்த் தொட்டி கழுவ ஆள் வந்தது. சாக்பீஸ் பன்னிரண்டு பெட்டி வந்திறங்கியது, இரண்டு நமுத்திருந்ததால் திருப்பி அனுப்பினேன். ஒன்பதாம் வகுப்பு ஜன்னல் கொக்கி இன்னும் மாட்டவில்லை.

நேற்று மூன்றாவது பீரியடில் செண்பகவல்லியை மாடியிலிருந்து கைத்தாங்கலாக இறக்கி ஆட்டோவில் அனுப்பினார்களாம். நான் அப்போது தேர்வு அட்டவணையில் இருந்தேன். வெளியே வந்து பார்த்தபோது மூக்கம்மா படிக்கட்டைக் கழுவிக்கொண்டிருந்தாள். இன்றைக்கு ஏன் கழுவுகிறாய், நாளைக்குத்தானே முறை என்று கேட்டேன். அவள் நிமிரவில்லை. நான் அட்டவணையை முடிக்கப் போனேன்.

பிப்ரவரி 3, திங்கள்

கோமதி வந்து சொன்னாள், கலைந்துவிட்டதாம். இனிமேல் முயற்சி வேண்டாம் என்று டாக்டர் சொல்லிவிட்டாராம். சொல்லிவிட்டு அவள் நகராமல் நின்றாள்.

‘இதெல்லாம் எதனால ஆகுதுன்னு எந்த டாக்டராலயும் சொல்ல முடியாது’ என்றேன்.

‘நான் ஒண்ணும் சொல்லலையே மேடம்’ என்றாள்.

முன்னேயே இரண்டு முறை அப்படி ஆனவள். அப்போதெல்லாம் எந்தப் படியில் ஏறினாளாம்? நான் யோசித்துப் பார்த்ததைத்தான் எழுதுகிறேன். சாயங்காலம் வரைக்கும் அதையேதான் யோசித்திருக்கிறேன்.

கீழ் அறைக்குப் போய்ப் பலகைகளை எண்ணினேன். பதினேழு. இடம் நிறையத்தான் இருக்கிறது.

பிப்ரவரி 17, திங்கள்

செண்பகவல்லி வேலைக்குத் திரும்பிவிட்டாள். இளைத்திருக்கிறாள். எல்லாரும் அவளிடம் கிசுகிசுவென்று பேசுவதும் தோளைத் தொடுவதுமாக இருந்தார்கள். இதெல்லாம் ஆளை இன்னும் பலவீனமாக்கும். அவளுக்கென்று நாலு நாளாக நோட்டுகளைப் புரட்டி ஒரு துளி எடுத்து வைத்திருந்தேன். தண்டிக்கிற துளி இல்லை, தேற்றுகிற துளி. பத்தொன்பது வருஷத்தில் இவ்வளவு மெனக்கெட்டு நான் எதையும் தேடியதில்லை. பூப்போட்ட அட்டையாகப் பார்த்து எழுதினேன்.

“பூ உதிர்ந்ததென்று கொடி அழுவதில்லை. அடுத்த மொட்டுக்கு நீர் தேடுகிறது.”

பிரார்த்தனை முடிந்ததும் பெயர் சொல்லி அழைத்தேன். வரிசையில் ஒரு சலசலப்பு. ரத்தினவேல் சார், ‘மேடம், இன்னைக்கு வேணாமே’ என்று பின்னால் முனகினார். நான் காதில் வாங்கவில்லை.

அவள் ஏறினாள். அட்டையைக் கையில் வாங்கிக் கண்ணால் ஒருமுறை படித்துவிட்டு என்னைப் பார்த்தாள். கேள்வி போலவும் இருந்தது, கேள்வி இல்லாதது போலவும் இருந்தது. ‘வாசிம்மா, உனக்குத்தான்’ என்றேன். வாசித்தாள். ‘பூ உதிர்ந்ததென்று’ வரைக்கும் வந்து நின்றுவிட்டாள். தொடங்கினால் நிறுத்தக் கூடாதே, அதனால் நான் மெதுவாக எடுத்துக் கொடுத்தேன். ‘கொடி அழுவதில்லை.’ அவள் திருப்பிச் சொன்னாள். மூக்கம்மாவுக்குச் சொல்லிக்கொடுக்கிற மாதிரியே முழுவதையும் சொல்லிக் கொடுக்க வேண்டியதாயிற்று.

மூன்று தட்டு. பிள்ளைகளின் ஒழுங்கைப் பார்த்து எனக்கே பெருமையாக இருந்தது.

அவள் அழவில்லை. துளி வேலை செய்திருக்கிறது.

மார்ச் 3, திங்கள்

ஏப்ரல் 12 அன்று ஆண்டு விழாவோடு எனக்குப் பிரிவு உபசார விழாவாம். தாளாளர் அய்யா மதுரையிலிருந்து போன் செய்தார். ‘உங்க துளியெல்லாம் புத்தகமாப் போடுங்கம்மா. பிள்ளைகளுக்கு ஆளுக்கு ஒண்ணு கொடுப்போம்’ என்றார். முப்பத்தோரு வருஷம் இதற்காகத்தான் காத்திருந்தேன் என்று இப்போது தெரிகிறது. கண் கலங்கிவிட்டது. கதவைச் சாத்திக்கொண்டேன்.

நோட்டுகளில் இருப்பது ஆயிரக்கணக்கில். எல்லாவற்றையும் போட முடியாது. உண்மையில் வழங்கியவற்றை மட்டும் போடலாம் என்றால், எதை யாருக்குக் கொடுத்தேன் என்று நான் எங்கும் குறித்து வைக்கவில்லை. அட்டைகள் அவரவரிடம்தான் இருக்கின்றன. சுற்றறிக்கை அனுப்பினேன். துளி அட்டை வைத்திருப்போர் அனைவரும் பத்து நாளில் ஒப்படைக்கவும். பழைய மாணவிகளுக்கும் சொல்லி அனுப்பவும்.

பத்து தேறினால் அதிகம் என்றுதான் நினைத்தேன். பழைய காகிதத்தை யார் வைத்திருப்பார்கள்?

மார்ச் 12, புதன்

கோமதி ஒரு பிஸ்கட் டின்னைக் கொண்டுவந்து மேசையில் வைத்தாள். நூற்றுப் பதினெட்டு அட்டை. ஒன்றுகூடக் கசங்கவில்லை. பத்து வருஷத்துக்கு முன்னே படிப்பு முடித்துப் போனவர்கள்கூடத் தபாலில் அனுப்பியிருக்கிறார்கள்.

‘எல்லாரும் பத்திரமா வச்சிருந்திருக்காங்களே கோமதி.’

‘ஆமா மேடம். ஸ்டாஃப் ரூம்ல எல்லாருமே வச்சிருப்பாங்க. ஒருத்தரும் தூக்கிப் போடல.’

என் பிறந்த வீட்டிலும் சரி, புகுந்த வீட்டிலும் சரி, நான் கொடுத்த எதையும் யாரும் இப்படிப் பேணியதில்லை. இரண்டு மூன்று அட்டையின் பின்னால் பென்சிலில் ஏதோ கிறுக்கல் தெரிந்தது. பாடக் குறிப்போ மளிகைச் சாமான் பட்டியலோ இருக்கும். கண்புரை வந்ததிலிருந்து பென்சில் எழுத்து எனக்குப் பிடிபடுவதில்லை. என் சிவப்பு எழுத்து நன்றாகத் தெரிகிறது, அது போதும்.

மார்ச் 14, வெள்ளி

தவமணி அச்சகத்துக்கு நானே போனேன். கம்ப்யூட்டரில் எழுத்து அடிக்கிற பெண் பேச்சி நல்ல வேகம், ஆனால் வாய் அதிகம். டின்னைத் திறந்தவுடனே, ‘பெரியம்மா, இதுல ஒரு டவுட்டு’ என்று ஆரம்பித்தாள்.

‘டவுட்டெல்லாம் வேண்டாம். அட்டையில என்ன இருக்கோ அதை ஒரு எழுத்து விடாம, ஒரு எழுத்து மாத்தாம அடி. உன் சொந்தப் புத்திய அதுல காட்டாத. ஒரு பக்கத்துக்கு ஒண்ணு, பெரிய எழுத்து.’

‘அத்தை, புரூஃப் யார் பாக்கறது? நீங்க பாப்பீங்களா?’ என்றான் தவமணி.

எனக்குக் கண் ஒத்துழைக்காது. யாரிடம் கொடுக்கலாம் என்று யோசித்தபோது செண்பகவல்லி நினைவுக்கு வந்தாள். அந்தத் திங்கட்கிழமையிலிருந்து வகுப்பு விட்டால் வீடு என்று வாய் திறக்காமல் இருக்கிறாள். கைக்கு வேலை கொடுத்தால் மனசு தானாகச் சரியாகும். ‘செண்பகவல்லி டீச்சர் பாத்துக்குவா. சந்தேகம்னா அவகிட்டயே கேட்டுக்க, என்கிட்ட வராத’ என்றேன்.

பள்ளிக்கு வந்து அவளிடம் சொன்னேன். ‘சரிங்க மேடம்’ என்றாள். வாசல் வரை போய்த் திரும்பி, ‘அட்டைல உள்ளது உள்ளபடியே வரணும். அப்படித்தானே மேடம்?’ என்று கேட்டாள்.

‘உள்ளது உள்ளபடியே.’

மார்ச் 28, வெள்ளி

செண்பகவல்லி புரூஃப் கட்டைக் கொண்டுவந்தாள். எதிர்பார்த்ததைவிடக் கனமாக இருந்தது. பெரிய எழுத்தில் அடிக்கச் சொன்னேனே, அதனால் இருக்கும். என் முன்னுரையையும் புகைப்படத்தையும் மட்டும் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். படத்தில் கொஞ்சம் கடுகடுவென்று இருக்கிறேன், பரவாயில்லை.

‘பிழை ஏதும் இருக்கா?’

‘ஒண்ணுகூட இல்ல மேடம். மூணு தடவை பாத்துட்டேன். அட்டையைக் கையில வச்சுக்கிட்டு ஒத்துப் பாத்தேன்.’

‘கஷ்டமா இருந்துச்சா?’

‘மொதத் தடவை இருந்துச்சு’ என்றாள். ‘நீங்க ஒரு தடவை பூராத்தையும் பாத்துருங்களேன் மேடம். கையெழுத்துப் போடறதுக்கு முன்னாடி.’

‘நான் எழுதினதை நானே எதுக்கும்மா பாக்கணும்?’ என்று சிரித்துக்கொண்டே கையெழுத்திட்டேன். அவள் அந்தத் தாளையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு எடுத்துக்கொண்டு போனாள். இந்தப் பெண்ணிடம் நல்ல மாற்றம். வேலை கொடுத்தது சரி என்று குறித்துக்கொள்கிறேன்.

ஏப்ரல் 11, வெள்ளி

நாளைக்கு விழா. பச்சைப் பட்டு எடுத்து வைத்தாயிற்று. புத்தகக் கட்டுகள் மேடைக்குப் பின்னால் வந்து இறங்கிவிட்டன. பிரிக்க வேண்டாம், தாளாளர் அய்யா கையால் பிரிக்கட்டும் என்று சொல்லிவிட்டேன். மகனுக்கு அழைப்பிதழைப் போனில் அனுப்பினேன். ஒற்றை டிக்.

ஏப்ரல் 12, சனி

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். வேறு யாரும் வேறு மாதிரி எழுதிவைத்துவிடக் கூடாது.

மாலை, பொன்னாடை எல்லாம் முறையாக நடந்தது. தாளாளர் அய்யா கட்டைப் பிரித்து, முதல் பிரதியை எனக்குக் கொடுத்துவிட்டு ஒன்றைத் தான் வைத்துக்கொண்டார். பெற்றோருக்கும் ஆசிரியர்களுக்கும் விநியோகமாயிற்று. ‘நம்ம வழக்கப்படி ஒரு பிள்ளை வந்து நாலு துளி வாசிக்கட்டும்’ என்றார் அய்யா. மாணவர் தலைவி யாழினி மைக் முன் வந்தாள். ஒன்பதாம் வகுப்பு. பிரார்த்தனைக்கு நானே பழக்கிய குரல், கடைசி வரிசை வரைக்கும் கேட்கும்.

இடப்பக்கத்தை வாசித்தாள். “நேரத்தைக் காக்க வைப்பவனை வாழ்க்கை காக்க வைக்கும்.” எனக்கு உள்ளம் நிறைந்தது. அவள் நிறுத்தாமல் வலப்பக்கத்துக்குப் போனாள்.

“ஆறு ஒன்று. ரத்தினவேல். பதினோரு நிமிடம் தாமதம். ஆஸ்பத்திரியில் அம்மா என் கையை விடவில்லை. விரல் விரலாகப் பிரித்துவிட்டு வந்தேன்.”

மூன்று தட்டு.

எனக்கு முதலில் விளங்கவில்லை. யாரோ வாழ்த்துரை எழுதிச் சேர்த்திருக்கிறார்கள் என்று நினைத்தேன். பூதக்கண்ணாடி வீட்டில் இருந்தது. என் பிரதியைத் தூரத்தில் பிடித்துப் பார்த்தேன். இடப்பக்கம் துளி, வலப்பக்கம் வேறு என்னவோ. புத்தகம் முழுக்க அப்படியே. அந்தப் பேச்சி அட்டையின் பின்பக்கத்தையும் அடித்திருக்கிறாள்.

யாழினி அடுத்ததற்குப் போய்விட்டாள். “பசியை அடக்கத் தெரிந்தவனே படிப்பை அடைவான்.” இது வகுப்பு நேரத்தில் சோற்று டப்பாவைத் திறந்த ஓர் எட்டாம் வகுப்புப் பெண்ணுக்குக் கொடுத்தது. எந்த வருஷம் என்று நினைவில்லை. வலப்பக்கம்: “நேத்து ராத்திரியும் எங்க வீட்ல சாப்பாடு இல்ல மிஸ். அந்த டப்பா பக்கத்து வீட்டு அக்கா குடுத்தது.” மூன்று தட்டு. அடுத்தது சுத்தத்தைப் பற்றியது. வலப்பக்கம்: “மூக்கம்மா சொல்லக் கேட்டு கோமதி எழுதியது. நான் அன்னைக்கும் குளிச்சிட்டுத்தான் வந்தேன். கக்கூஸ் கழுவுனா அந்த வாடைதான் அடிக்கும்.” மூன்று தட்டு.

‘போதும்மா யாழினி’ என்றேன்.

அவள் திகைத்துப்போய் என்னைப் பார்த்தாள். ‘தொடங்கினா நடுவுல நிறுத்தக் கூடாதுன்னு சொல்லிருக்கீங்களே மிஸ். அய்யா நாலு சொன்னாங்க.’ குறும்பு இல்லை. அந்தப் பிள்ளைக்குக் குறும்பே தெரியாது. தாளாளர் அய்யா தன் பிரதியிலிருந்து தலையைத் தூக்கவில்லை. ‘வாசிம்மா’ என்றார். குரலில் முன்பிருந்த குழைவு இல்லை.

அவள் கொஞ்சம் புரட்டி எடுத்தாள். “படியை எண்ணுகிறவன் ஏறுவதில்லை.” வலப்பக்கம்: “பத்து ஒன்று. செண்பகவல்லி. ஒரு தடவைக்கு அறுபத்தாறு படி. இன்றைக்கு நாலு தடவை. எண்ணினேன். ஏழாவது வாரம்.” மூன்று தட்டு. பெற்றோர் பகுதியில் ஒரு பெண் எழுந்து நின்றுவிட்டாள்.

நாலு முடிந்துவிட்டது. ஆனால் அடுத்த தாளும் செண்பகவல்லி பெயரில் இருந்ததால், அதுவும் இதோடு சேர்ந்தது என்று பிள்ளை நினைத்துவிட்டது போல. “பூ உதிர்ந்ததென்று கொடி அழுவதில்லை. அடுத்த மொட்டுக்கு நீர் தேடுகிறது.” வாசித்துவிட்டு வலப்பக்கத்துக்கு வந்து நின்றாள். புத்தகத்தைக் கிட்டத்தில் வைத்துப் பார்த்தாள்.

‘இந்தப் பக்கத்துல ஒண்ணுமே இல்ல மிஸ்’ என்றாள் மைக்கில்.

வாசிப்பு முடிந்தால் தட்ட வேண்டும். அதைத்தான் பழக்கியிருக்கிறேன். எண்ணூறு பிள்ளைகளும் அந்த வெற்றுப் பக்கத்துக்கு மூன்று தட்டு தட்டினார்கள். ஒரே சீராக. மாலையைக் கழற்றவும் கை வரவில்லை. மூன்றாவது வரிசையில் செண்பகவல்லி இருந்தாள், அவளும் தட்டினாள். மூன்றுதான், கூடக் குறைய இல்லை.

விழா முடியும் முன்பே அய்யா காரில் ஏறிவிட்டார். நான் படிக்கட்டு அருகில் செண்பகவல்லியை நிறுத்தினேன்.

‘பாத்தும் ஏன் சொல்லல நீ?’

‘உள்ளது உள்ளபடி வரணும்னீங்க மேடம். பேச்சி கேட்டா. என்கிட்டயே கேட்டுக்கச் சொன்னீங்கன்னு சொன்னா. உங்களைப் பாக்கச் சொன்னேனே, நீங்க பாக்கல.’

‘எல்லாரும் என்னை அசிங்கப்படுத்தணும்னே எழுதி வச்சிருக்கீங்க.’

‘இல்ல மேடம். வெளக்கம் சொல்லக் கூடாதுன்னு ரூல்ல இருக்கு. அதான் பின்னாடி எழுதிக்கிட்டோம். யாருக்கும் காட்டணும்னு எழுதல. நீங்கதான் திருப்பிக் கேட்டீங்க.’

‘அந்தப் பூப்போட்ட அட்டையில மட்டும் ஏன் ஒண்ணும் எழுதல?’ என்று கேட்டுவிட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

‘எழுத வரல மேடம்’ என்றாள். ‘நீங்கதான் நெறையச் சேத்து வச்சிருக்கீங்களே. பொருத்தமா ஒண்ணு பாத்து நீங்களே எழுதிக்குங்க.’

ஏப்ரல் 14, திங்கள்

சித்திரை ஒன்று. யாரும் வரவில்லை. தவறு அச்சகத்துடையது. முறையான இடத்தில் கொடுத்திருந்தால் இப்படி நடந்திருக்காது.

ஏப்ரல் 17, வியாழன்

தவமணி மிச்சப் புத்தகங்களை ஆட்டோவில் போட்டுக் கொண்டுவந்தான். பள்ளியில் வேண்டாம் என்று சொல்லிவிட்டார்களாம். விழாவில் கொடுத்தவை போக இருநூற்று நாற்பது. என் பலகைகள் பதினேழும் அதே ஆட்டோவில் வந்தன. கீழ் அறையைக் காலி செய்துவிட்டார்கள். அடுத்த வருஷம் அங்கே ஏழாம் வகுப்பாம்.

‘அத்தை, பேச்சிய வைய வேணாம். அவ கேட்டா. நானும் போன் போட்டேன், நீங்க எடுக்கல’ என்றான். காபி குடிக்காமலே போனான்.

ஏப்ரல் 20, ஞாயிறு

ஒரு யோசனை தோன்றியது. வலப்பக்கங்களைக் கிழித்துவிட்டால் புத்தகம் நான் நினைத்தபடி ஆகிவிடும். காலையிலிருந்து உட்கார்ந்து ஒரு பிரதியில் செய்து பார்த்தேன். ரத்தினவேல் எழுதியதைக் கிழித்தேன். அந்தத் தாளின் மறுபுறத்தில்தான் அடுத்த துளி. அதுவும் சேர்ந்து வந்துவிட்டது. மூக்கம்மாவுடையதைக் கிழித்தேன், அதன் பின்னாலும் என்னுடையது ஒன்று. ஒன்றைத் தவிர எல்லாவற்றையும் கிழித்துவிட்டுப் பார்த்தால் மேலட்டையும் முன்னுரையும் என் புகைப்படமும் முதல் துளியும் மிச்சம் இருந்தன. பூதக்கண்ணாடி வைத்துக் கிழித்ததால் அத்தனையையும் படிக்க வேண்டியதாகிவிட்டது. நூற்றுப் பதினேழு.

செண்பகவல்லியின் வெற்றுப் பக்கம் இருந்த தாளை மட்டும் கிழிக்கவில்லை. இருபத்திரண்டு நோட்டையும் இறக்கி வைத்துக்கொண்டு அந்தப் பக்கத்துக்குப் பொருத்தமாக ஒன்று தேடினேன். சிவப்புப் பேனாவால் மேலே தேதி போட்டேன், செண்பகவல்லி என்று பெயர் எழுதினேன். நோட்டுகள் எல்லாம் தீர்ந்துவிட்டன. பேனாவை மூடி வைத்துவிட்டேன்.